பாதியில் நின்ற சீனக் கதை

என்னை மேடையில் ஏறி நாலு வார்த்தை பேசச் சொன்னார்கள். பத்துப் பேர் முன்னால் நின்றால் எனக்கு என் பெயரே மறந்துபோகும். எழுதித் தருகிறேன், யாராவது படித்துவிடுங்கள் என்று சொல்லிவிட்டேன். ஐந்தாம் வகுப்போடு நின்ற எழுத்து. பிழை இருந்தால் படிக்கிறவர்கள் திருத்திக்கொள்ளுங்கள்.

வயதானவர்களைப் பார்த்துக்கொள்கிற இந்த வேலைக்குப் புதிதாக வந்திருக்கிறீர்கள். ஒருவரை எப்படித் தூக்கி உட்காரவைப்பது, எந்த மாத்திரையை எப்போது கொடுப்பது என்பதெல்லாம் உங்களுக்குப் பயிற்சியிலேயே சொல்லிக்கொடுத்திருப்பார்கள். அதை நான் சொல்லப்போவதில்லை. ஒரு நாள் மத்தியானம் எங்கள் சென்டரில் நடந்ததைச் சொல்கிறேன். என்ன செய்வது என்று எந்தப் புத்தகத்திலும் எழுதாத ஒரு மத்தியானம் உங்களுக்கும் வரும். அன்றைக்கு இது உதவினாலும் உதவலாம்.

தொண்ணூற்றெட்டாம் வருஷம், இல்லையென்றால் தொண்ணூற்றொன்பதாக இருக்கும். மகள் பிரசவத்துக்கென்று வந்தவள், கிரீன் கார்டு கிடைத்து மகள் இருந்த மில்பிடாஸ் ஊரிலேயே தங்கிவிட்டேன். பேரன் டேகேர் போக ஆரம்பித்ததும் பகல் முழுவதும் வீட்டில் ஃப்ரிட்ஜ் சத்தத்தைக் கேட்டுக்கொண்டு உட்கார்ந்திருப்பேன். பக்கத்து அபார்ட்மென்டில் இருந்த நர்ஸ் பெண்தான் என்னைத் தான் வேலை பார்க்கும் சென்டருக்குக் கூட்டிப்போனாள். நாகர்கோவில்காரி. அவள் பெயர் இங்கே வேண்டாம், சிஸ்டர் என்றே சொல்கிறேன். என்னைவிட இருபது வயது சின்னவள். இந்த வேலையில் நான் கற்றது எல்லாம் அவளைப் பார்த்துக் கற்றதுதான்.

கடை வரிசை ஒன்றில், ஒரு லாண்டரிக்கும் மளிகைக் கடைக்கும் நடுவில் எங்கள் சென்டர். காலையில் வேன் போய்ப் பெரியவர்களை அழைத்து வரும். சாயங்காலம் திரும்பக் கொண்டுபோய் விடும். முக்கால்வாசிப் பேர் சீனர்கள். தமிழ் ஆட்கள் நாலைந்து பேர். எனக்கு சமையலறை வேலை. பன்னிரண்டு மணிக்குச் சாப்பாட்டு டிராலியைத் தள்ளிக்கொண்டு வந்து பரிமாறுவேன். கை நடுங்குகிறவர்களுக்கு ஊட்டிவிடுவேன்.

செவ்வாய்க்கிழமைகளில் சாப்பாட்டுக்கு முன்னால் கதை நேரம். மிஸ்டர் லின் என்று ஒருவர். சீனாவில் பள்ளிக்கூட வாத்தியாராக இருந்தவர். எண்பது வயதிலும் சட்டைக் கழுத்துப் பொத்தான் வரைக்கும் போட்டுக்கொண்டுதான் வருவார். அவர் பழைய புத்தகங்களை எடுத்து வந்து சிறுகதை வாசிப்பார். தங்கள் நாட்டில் நூறு வருஷத்துக்கு முன்பு வரைக்கும் படித்தவன் எழுதியது படித்தவனுக்கு மட்டும்தான் புரியும் என்று ஒருநாள் சொன்னார். அப்புறம் சில இளைஞர்கள் சேர்ந்து, கடைத்தெருவில் பேசுகிற மொழியிலேயே எழுத ஆரம்பித்தார்களாம். அரசனும் தேவதையும் போய், துணி வெளுக்கிறவளும் கடன்பட்ட விவசாயியும் கதைக்குள்ளே வந்தார்களாம். பிறகு நடுவில் ரொம்ப வருஷம் அரசாங்கத்தார் அந்த வாயை அடைத்துவைத்திருந்தார்களாம். மறுபடி வாய் திறந்தபோது முதலில் வெளியே வந்தது சிறுகதைதான். இன்றைக்கு எழுதுகிறவன்கூட அந்தப் பழைய ஆட்கள் போட்ட பெஞ்சில் உட்கார்ந்துதான் எழுதுகிறான் என்றார்.

இதெல்லாம் எனக்கு எப்படிப் புரிந்தது என்று கேட்பீர்கள். லின் ஒரு பத்தி வாசித்து நிறுத்துவார். வேன் ஓட்டுகிற மே என்ற சீனப் பெண் அதை ஆங்கிலத்தில் சொல்லுவாள். சிஸ்டர் அதை எங்களுக்குத் தமிழில் சொல்லுவாள். சீனர்கள் சிரித்து முடித்து மூக்கைத் துடைக்கும்போதுதான் எங்களுக்குச் சிரிப்பு வரும். நாங்கள் எப்போதும் ஒரு பத்தி பின்னால்.

தமிழ் ஆட்களில் ஒருவர் கரூர்க்காரர். பத்திரப்பதிவு ஆபீஸில் இருந்து ரிட்டயர் ஆனவர். ரிஜிஸ்ட்ரார் அங்கிள் என்று எல்லோரும் கூப்பிடுவோம். வாய்த்துடுக்கு அதிகம். ஒரு தடவை, "ஏம்மா சிஸ்டர், நாலு பக்கம் ஓடிருச்சு. ஒரு சண்டை இல்ல, ஒரு கல்யாணம் இல்ல. இது என்ன கதைன்னு உங்க வாத்தியாரைக் கேளு" என்றார். அது ஆங்கிலமாகி, சீனமாகி லின்னிடம் போய்ச் சேர்ந்தது. அவர் யோசித்துவிட்டுச் சொன்ன பதில் அதே வழியில் திரும்பி வந்தது. "உங்க கதை கல்யாணத்துல முடியுமாம். இவங்க கதை அதுக்கு மறுநாள்தான் ஆரம்பிக்குமாம்." அதற்கப்புறம் அங்கிள் எந்தச் செவ்வாய்க்கிழமையும் லீவு போடவில்லை.

இன்னொருவரைப் பற்றியும் சொல்ல வேண்டும். மிஸ்டர் வூ. மற்றவர்களைவிட வயது குறைவு, அறுபத்தைந்துக்குள் இருக்கும். ஒரு தடவை பக்கவாதம் வந்து இடது காலை இழுத்து இழுத்து நடப்பார். சர்க்கரை வியாதி வேறு. யாரோடும் பேச மாட்டார். எப்போதும் கடைசி வரிசையில், கதவை ஒட்டிய நாற்காலி. அவருக்கும் ஆங்கிலம் இல்லை, எனக்கும் இல்லை. சோறு எவ்வளவு என்று விரலால் காட்டுவார், அவ்வளவு போடுவேன். அதனாலோ என்னவோ, என்னைப் பார்த்தால் மட்டும் தலையை லேசாக ஆட்டுவார்.

அந்தச் செவ்வாய்க்கிழமை நல்ல வெயில் காலம். சாப்பாட்டுக்குக் கொஞ்சம் முன்னால் சிஸ்டர் வழக்கம்போல வூவுக்கு இன்சுலின் ஊசி போட்டுவிட்டு வந்து உட்கார்ந்தாள். ஊசி போட்டால் அரை மணிக்குள் சாப்பிட்டாக வேண்டும். இல்லையென்றால் சர்க்கரை இறங்கி ஆள் மயங்கிவிடுவார். இது உங்களுக்குத் தெரிந்ததுதான்.

லின் அன்றைக்கு எடுத்த கதை ஓர் அப்பாவையும் மகனையும் பற்றியது. எழுதியவர் பெயரைச் சொன்னார், என் வாயில் நிற்கவில்லை. ஊர் ஊராகக் கூட்டம் போட்டு, ஆட்களை மேடையில் நிற்கவைத்து, மற்றவர்களை விட்டுக் குற்றம் சொல்லச் சொன்ன காலமாம். ஒரு சிற்றூரில் மகனைக் கூப்பிட்டு, உன் அப்பாவைப் பற்றி ஏதாவது சொல் என்கிறார்கள். அவன் பயந்துபோய், அப்பா, கும்பிடக் கூடாது என்று தடைபோட்ட முன்னோர் படத்தைப் பரணில் ஒளித்துவைத்து ராத்திரியில் கும்பிடுகிறார் என்று சொல்லிவிடுகிறான். அப்பாவைப் பிடித்துக்கொண்டு போகிறார்கள். பல வருஷம் கழித்து அவர் திரும்பி வரும்போது அடிபட்டு ஒரு காது செவிடு. அப்பாவும் மகனும் ஒரே வீட்டில்தான் இருக்கிறார்கள். அந்த விஷயத்தை மட்டும் பேசுவதில்லை. சாயங்காலத்தில் அப்பா முக்காலியில் உட்கார்ந்து வேர்க்கடலை உரிப்பார். மகன் வந்து அந்தச் செவிட்டுக் காதுப் பக்கமாகப் பார்த்து உட்காருவான். உட்கார்ந்து, மெல்லிய குரலில், "நான்தாம்ப்பா சொன்னேன்" என்பான். அப்பா உரித்துக்கொண்டே இருப்பார். மறுநாளும் அதே மாதிரி.

தமிழில் இது எங்களிடம் வந்து சேருவதற்கு முன்பே நான் வூவின் முகத்தைப் பார்த்துவிட்டேன். சமையலறைக் கதவில் நின்றிருந்த எனக்கு அவர் நேராகத் தெரிந்தார். அவர் முகத்தில் இருந்த இரத்தம் எங்கே போனது என்று தெரியவில்லை. சர்க்கரை இறங்குகிறதோ என்றுதான் முதலில் நினைத்தேன். மற்ற சீனர்களும் யாரும் யாரையும் பார்க்காமல் தரையைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். லின் என்ன வாசித்தார் என்று அந்த நிமிஷம் வரைக்கும் எனக்குத் தெரியாது. மே ஆங்கிலத்தில் சொன்னாள், பிறகு சிஸ்டர் தமிழில் சொன்னாள். அப்போதுதான் அந்தக் கதை எங்கள் மேல் இறங்கியது.

ரிஜிஸ்ட்ரார் அங்கிளுக்குத் தாங்கவில்லை. "சோறு வர்ற நேரத்துல என்னம்மா இது, பெத்தவனைக் காட்டிக்குடுத்த கதை? நல்ல வார்த்தை பேசிட்டுச் சாப்பிடுவோம். மூடச் சொல்லும்மா" என்றார். சாப்பாட்டின் முன்னால் நல்லதைப் பேச வேண்டும் என்பது நமக்கெல்லாம் வழக்கம்தானே. சிஸ்டருக்கும் அது சரியாகத்தான் பட்டிருக்கும். அறையில் இருந்த முகங்களை ஒரு சுற்றுப் பார்த்துவிட்டு, டிராலியைக் கொண்டு வரும்படி எனக்குக் கையைக் காட்டினாள். நானும் தள்ளிக்கொண்டு வந்தேன். தட்டுச் சத்தம் கேட்டதும் எல்லோரும் எழுந்திருக்க ஆரம்பித்துவிட்டார்கள். லின் ஒரு விரலைத் தூக்கிக் காட்டினார், இன்னும் ஒரு பக்கம்தான் என்று. யாரும் கவனிக்கவில்லை. அவர் புத்தகத்தை மடித்து மடியில் வைத்துக்கொண்டார்.

நல்ல எண்ணத்தில்தான் செய்தோம். அன்றைக்கு நடந்த தப்பும் அதுதான்.

வூவின் நாற்காலிக்குத் தட்டைக் கொண்டுபோனபோது அவர் அங்கே இல்லை. பாத்ரூமில் பார்த்தேன், இல்லை. பின்கதவு கொஞ்சம் திறந்திருந்தது. பின்னால் பார்க்கிங்கில் எங்கள் வேன் வெயிலில் நின்றுகொண்டிருந்தது. நடு சீட்டில் அவர் உட்கார்ந்திருந்தார். மே பூட்டாமல் விட்டிருந்த கதவுகள் எல்லாம் இப்போது உள்ளேயிருந்து பூட்டியிருந்தன. அவர் பக்கத்துக் கண்ணாடி மட்டும் இரண்டு விரல் அளவுக்கு இறங்கியிருந்தது. நான் கண்ணாடியைத் தட்டவில்லை. உள்ளே ஓடிப்போய் சிஸ்டரின் கையைப் பிடித்து இழுத்தேன். வாயில் வார்த்தை வரவில்லை. அவளும் என்னை ஒன்றும் கேட்கவில்லை, கூட ஓடி வந்தாள்.

மேயின் பாக்கெட்டில் சாவி இருந்தது. அவள் பக்கவாட்டுக் கதவில் சாவியைப் போட்டதும், வூ உள்ளேயிருந்து பூட்டுக் குமிழை இரண்டு கையாலும் அமுக்கிப் பிடித்துக்கொண்டார். மே ஏதேதோ சீனத்தில் சொன்னாள். அவர் அவளைப் பார்க்கவே இல்லை. மே இன்னும் பலமாகத் திருகினாள். அவர் கழுத்து நரம்பு புடைத்தது.

"விடு, மே. விடு" என்றாள் சிஸ்டர்.

உள்ளேயிருந்து ரிஜிஸ்ட்ரார் அங்கிளும் வந்துவிட்டார். பார்த்ததுமே, "போலீஸுக்கு 911 அடிங்க, என்ன வேடிக்கை பார்த்துக்கிட்டு நிக்கிறீங்க?" என்றார். எனக்கும் மனசுக்குள் அதுதான் ஓடியது. சிஸ்டர் கையில் கார்ட்லெஸ் போன் இருந்தது. அவள் விரல் பட்டன் மேலேயே இருந்தது. அவள் அமுக்கவில்லை. கண்ணாடிக்கு அருகே போய் வூவின் நெற்றியை, உதட்டை, கையை ஒவ்வொன்றாகப் பார்த்தாள்.

பிறகுதான் திரும்பிச் சொன்னாள். "அங்கிள், 911 கூப்பிட்டா அஞ்சு நிமிஷத்துல யூனிஃபார்ம் போட்ட நாலு பேரு வந்து கண்ணாடியை உடைச்சு இவரை இழுத்து வெளியே போடுவாங்க. இந்த மனுஷன் இப்ப எங்க உட்கார்ந்திருக்காருன்னு நெனைக்கீங்க? இந்த வேனுக்குள்ளேயா?"

அங்கிள் அவள் கையில் இருந்த போனைப் பார்த்தார்.

"கூப்பிடவே மாட்டேன்னு சொல்லல. ஊசி உள்ள போயாச்சு, வெயில் வேற. கை நடுங்க ஆரம்பிச்சாலோ, வேர்வை கொட்டினாலோ, நான் யாரையும் கேட்க மாட்டேன், திறந்துருவேன். மே, நீ சாவியைப் போட்டபடியே நில்லு. திருகாத. ஆன்ட்டி, ஃப்ரிட்ஜ்ல இருந்து ஆரஞ்சு ஜூஸ் டப்பா ஒண்ணு எடுத்திட்டு வாங்க. அந்தக் கண்ணாடிப் பக்கமா நில்லுங்க. ஒண்ணும் பேச வேண்டாம்."

பேச வேண்டாம் என்பது எனக்குப் பெரிய ஆறுதலாக இருந்தது. ஜூஸ் டப்பாவை எடுத்து வந்து ஸ்ட்ராவைக் குத்தி, கண்ணாடி இடுக்குக்கு நேராகப் பிடித்துக்கொண்டு நின்றேன். வூ அதைப் பார்த்தார். கையைக் குமிழில் இருந்து எடுக்கவில்லை.

சிஸ்டர் லின்னைக் கூட்டிவரச் சொன்னாள். மே உள்ளே போக வழியில்லை, சாவியோடு நிற்க வேண்டும். அங்கிளேதான் போனார். போய், மொழி தெரியாமலே கையைப் பிடித்துக் கூட்டிவந்துவிட்டார். லின் புத்தகத்தை மார்போடு அணைத்துக்கொண்டு பின்வாசலில் நின்றார். வேனைப் பார்த்தார், வூவைப் பார்த்தார். அதற்கு மேல் ஓரடி எடுத்துவைக்கவில்லை.

மே அவரிடம் கெஞ்சினாள். அவர் அவளுக்கு நிதானமாகப் பதில் சொன்னார். மே அதை சிஸ்டரிடம் ஆங்கிலத்தில் சொன்னாள். சிஸ்டர் எங்களிடம் தமிழில் சொன்னாள்.

"அந்தக் காலத்துல இந்த வாத்தியாரை மேடையில ஏத்துனது இவர் கிளாஸ்ல படிச்ச பிள்ளைங்களாம். இந்த வூ முகத்தைப் பார்த்ததுமே இவருக்குத் தெரிஞ்சிருச்சாம், வூ அன்னைக்குக் குத்தம் சொன்னவங்க பக்கம் நின்னவருன்னு. என்னால அந்த ஆள் பக்கத்துல போய் உட்கார முடியுமான்னு தெரியல அப்படிங்கார்."

லாண்டரி பின்பக்கத்தில் இருந்து சூடான காற்று வந்துகொண்டிருந்தது. ஜூஸ் டப்பாவைப் பிடித்திருந்த என் கையில் குளிர்ச்சி போய்விட்டது. லின் மாட்டேன் என்று திரும்பிப் போனால் சிஸ்டர் பட்டனை அமுக்க வேண்டியதுதான். யாராலும் இவரைக் கட்டாயப்படுத்த முடியாது. கட்டாயப்படுத்தவும் கூடாது. அந்த மனிதரை ஒரு தடவை கட்டாயப்படுத்தி நிற்கவைத்தது போதாதா?

சிஸ்டர் அவரிடம் ஒன்றே ஒன்று கேட்டாள். அந்தக் கதை அங்கேயேதான் முடிகிறதா என்று.

மே கேட்டுச் சொன்னதும் லின் தலையைத் தூக்கினார். அவர் முகத்தில் வாத்தியார்களுக்கு வருகிற கோபம் வந்தது. ஏதோ சுருக்கமாகச் சொல்லிவிட்டு நடக்க ஆரம்பித்தார். சிஸ்டர் எனக்குத் தமிழில் சொல்வதற்குள் அவர் என் பக்கத்தில் வந்துவிட்டார்.

"அவருக்காக இல்லையாம். பாதியில நிறுத்தினது தப்புங்கார்."

ஒரு மடக்கு நாற்காலியைக் கொண்டு வந்து போட்டோம். லின் கண்ணாடி இடுக்குக்கு நேராக உட்கார்ந்து புத்தகத்தை விரித்தார். தலைக்கு மேலே வெயில். அப்போது யாரும் சொல்லாமலே ரிஜிஸ்ட்ரார் அங்கிள் வெயிலுக்கென்று எப்போதும் கையில் வைத்திருக்கும் தன் குடையை விரித்து அவர் தலைக்கு மேல் பிடித்துக்கொண்டார். கதையை மூடச் சொன்னவர் அவர்தான்.

லின் வாசித்தார். இந்தத் தடவை நடுவில் நிறுத்தவில்லை. மே ஆங்கிலத்தில் சொல்லவில்லை, சிஸ்டர் தமிழில் சொல்லவில்லை. அந்தக் கதை என்ன ஆயிற்று என்று எங்களுக்குத் தெரியாது. எனக்குத் தெரிந்ததெல்லாம் கண்ணாடிக்குப் பின்னால் இருந்த முகம் ஒன்றுதான். வூ முதலில் எங்களுக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்துகொண்டார். லின் குரலை உயர்த்தவில்லை. வகுப்பில் வாசிக்கிற மாதிரி, ஒரே சீராக வாசித்தார். கொஞ்சம் கொஞ்சமாக வூவின் முதுகு திரும்பியது. முகம் தெரிந்தது. நெற்றியில் ஈரம் இருந்தது. வெயிலாலா, சர்க்கரையாலா என்று எனக்குச் சொல்லத் தெரியவில்லை.

அப்புறம் அவர் வலது கை நடுங்க ஆரம்பித்தது.

நான் சிஸ்டரைப் பார்த்தேன். அவளும் பார்த்துவிட்டாள். இறக்கினால் திற என்கிற மாதிரி மேயைப் பார்த்துக் கையைத் தூக்கினாள். மே சாவியை இறுகப் பிடித்தாள். லின்னும் அதைக் கவனித்திருக்க வேண்டும். கண்ணைப் புத்தகத்தில் இருந்து எடுக்காமலே, இன்னும் இவ்வளவுதான் என்று பக்கத்தின் அடியில் விரலை வைத்துக் காட்டினார். ஒரே ஒரு பத்தி.

சிஸ்டர் கையை இறக்கவும் இல்லை, அசைக்கவும் இல்லை. அந்தரத்திலேயே வைத்திருந்தாள். நான் இத்தனை வருஷம் வேலை பார்த்ததில் அந்தக் கையைப் போல இன்னொன்றைப் பார்த்ததில்லை. இறக்கியிருந்தால் தப்பு என்று யாரும் சொல்ல முடியாது. காத்திருந்து அவருக்கு ஏதாவது ஆகியிருந்தால் அவள் லைசென்ஸ் போயிருக்கும்.

லின் வாசித்து முடித்தார். புத்தகத்தை மூடினார்.

வேனுக்குள் இருந்து வூ ஏதோ சொன்னார். நாலைந்து வார்த்தைதான். நான் அவர் குரலை முதல் தடவையாகக் கேட்டது அப்போதுதான். லின் பதிலுக்கு ஒரு கேள்வி கேட்டார். வூவின் உதடு இரண்டு தடவை அசைந்து நின்றது. பிறகு மூன்று எழுத்து மாதிரி ஒரு பெயரைச் சொன்னார். லின் அதையே திருப்பிச் சொன்னார், சரியா என்று கேட்கிற மாதிரி. வூ தலையை ஆட்டினார்.

அதற்குப் பிறகு குமிழில் இருந்து கையை எடுத்து, கண்ணாடியைச் சுற்றி இறக்கி, என் கையில் இருந்த ஜூஸை வாங்கிக்கொண்டார். ஸ்ட்ராவை வாயில் வைக்க முடியாமல் கை ஆடியது. கண்ணாடி வழியாகக் கையை விட்டு டப்பாவை நான் பிடித்துக்கொண்டேன். முழுவதும் குடித்தார். மே கதவைத் திறந்தாள்.

சிஸ்டர் அவர் விரலைக் குத்தி சர்க்கரை பார்த்தாள். குறைந்துதான் இருந்தது, ஆனால் பயப்படும்படி இல்லை. நிழலில் உட்காரவைத்து, கஞ்சி கொடுத்து, மறுபடியும் பார்த்தாள். அவர் மகளுக்கு போன் செய்து நடந்ததை ஒன்றுவிடாமல் சொன்னாள். சென்டர் மேனேஜரிடமும் தானே போய்ச் சொன்னாள்.

அவர் சாப்பிட்டு முடித்த பிறகுதான் மே சுவரில் சாய்ந்து நின்றுகொண்டு சிஸ்டரிடம் சொன்னாள். சிஸ்டர் என்னிடமும் அங்கிளிடமும் சொன்னாள்.

கதையின் கடைசிப் பக்கம் இதுதானாம். மூன்றாவது நாள் சாயங்காலம் மகன் வந்து வழக்கம்போலச் செவிட்டுக் காதுப் பக்கம் உட்காருகிறான். அப்பா எழுந்திருக்கிறார். முக்காலியைத் தூக்கிக்கொண்டு போய் மகனுக்கு மறுபக்கத்தில் போடுகிறார். கேட்கிற காது அவன் பக்கமாக இருக்கும்படி உட்காருகிறார். உரித்த கடலையில் ஒரு பிடி எடுத்து நடுவில் வைக்கிறார். அவ்வளவுதான் கதை.

"வூ என்னம்மா சொன்னாரு?" என்று அங்கிள் கேட்டார்.

சிஸ்டர் கொஞ்சம் தண்ணீர் குடித்தாள். "எங்க அப்பாவுக்கு ரெண்டு காதும் நல்லாக் கேக்கும்னு சொன்னாராம்."

எனக்கு அது புரிய ஒரு நொடி ஆனது. நான்தான் காட்டிக்கொடுத்தேன் என்று வூ தன் அப்பாவிடம் சொல்லியிருந்தால் அவருக்குக் கேட்டிருக்கும். இவர்தான் கடைசி வரைக்கும் சொல்லவில்லை.

"வாத்தியார் என்ன கேட்டாரு?"

"உங்க அப்பா பேரு என்னன்னு கேட்டாராம்."

அங்கிள் குடையை மடக்கினார். ரொம்ப நேரம் அதன் பட்டையைக் கட்டிக்கொண்டே இருந்தார். சாயங்காலம் வேனில் ஏறுகிறபோது என்னிடம், "நம்ம ஊருல இந்தக் கதையை எழுதியிருந்தா அப்பன் நாலு அறை விட்டு முடிச்சிருப்பான். இந்தச் சீனாக்காரன் கடலையை வெச்சு நம்மளை அடிச்சுட்டான் பாருங்க" என்றார். காப்பெல் என்ற ஊரில் இருக்கும் அவர் மூத்த மகனோடு அவருக்குப் பேச்சுவார்த்தை இல்லை என்பது எங்களுக்கெல்லாம் தெரியும். போன் செய்தாரா என்று நான் கேட்டுக்கொள்ளவில்லை.

அன்று வேலை முடிந்து நடந்து வரும்போது சிஸ்டரிடம், அந்தக் கடைசிப் பத்திக்கு எப்படித் தைரியமாகக் காத்திருந்தீங்க என்று கேட்டேன். தைரியமெல்லாம் இல்லை என்றாள். "காத்திருந்தது சரியா தப்பான்னு எனக்கே தெரியல ஆன்ட்டி. இன்னொரு தடவை இப்படி ஆச்சுன்னா காத்திருப்பேனான்னும் தெரியல. அந்த ஆளு முகத்தைப் பார்த்துதான் சொல்ல முடியும்" என்றாள்.

அதனால் நீங்களும் காத்திருங்கள் என்று நான் உங்களுக்குச் சொல்ல வரவில்லை. கூப்பிட வேண்டிய இடத்தில் 911 கூப்பிடுங்கள். ஒருவர் அழும்போது, முகம் மாறும்போது, நமக்குத் தாங்காமல் உடனே டிவியைப் போடுகிறோம், காபி கொண்டு வருகிறோம், விடுங்க அதெல்லாம் போனது என்கிறோம். பாதி நேரம் அது அவருக்காகச் செய்வதில்லை, நமக்காகச் செய்வது. அதை மட்டும் கொஞ்சம் பார்த்துக்கொள்ளுங்கள். அவரவர் வலியில் அவரவர் எந்தப் பத்தியில் இருக்கிறார்கள் என்று நமக்குத் தெரியாது.

லின்னும் வூவும் அதற்குப் பிறகு சிநேகிதர்கள் ஆகவில்லை. பேசிக்கொண்டதையும் நான் பார்த்ததில்லை. ஆனால் அடுத்த செவ்வாய்க்கிழமை லின் புத்தகத்தோடுதான் வந்தார். விரிப்பதற்கு முன்னால் கடைசி வரிசையைப் பார்த்தார். வூ, கதவை ஒட்டிய அதே நாற்காலியில் இருந்து, ம் என்று தலையை அசைத்தார். அதற்குப் பிறகுதான் லின் முதல் வரியை வாசித்தார். துணி வெளுக்கிறவள் ஒருத்தியின் கதை, நீளமான கதை. வூவுக்கு ஊசியைக் கதை முடிந்த பிறகு போட்டுக்கொள்ளலாம் என்று டாக்டரிடம் கேட்டு சிஸ்டர் மாற்றிவைத்திருந்தாள். டிராலியை நான் கதவுக்கு வெளியிலேயே நிறுத்திவைத்தேன். சோறு ஆறிப்போனது. மைக்ரோவேவில் வைத்துச் சூடு பண்ணிக் கொடுத்தேன்.